கைவெயில்

மாலை ஷிஃப்டில் ரத்தம் எடுக்கிறவர்களுக்கு ஒரு சௌகரியம் உண்டு. வெறும் வயிற்றோடு வந்து சிடுசிடுக்கிற கூட்டமெல்லாம் காலையிலேயே ஒழிந்துபோயிருக்கும். நாலு மணிக்கு மேல் நிம்மதியாக ஈயடிக்கலாம். திண்டிவனத்தில் மேம்பாலத்தை ஒட்டிய சந்தில் இருந்த அந்தச் சின்ன லேபில் ராஜமதியும் ஜெசிந்தாவும் பல வருஷங்களாக அப்படித்தான் ஈயடித்துக்கொண்டிருந்தார்கள். ராஜமதி நாற்பதைத் தொட்டவள், பேச்சுக் குறைவு. ஜெசிந்தா அவளைவிட நன்றாகவே சின்னவள், அவளுக்கும் சேர்த்துப் பேசுகிறவள். பேசாத நேரத்தில் போனில் தொடர்கதை கேட்பாள்.

அன்றைக்கும் இருட்டின பிறகுதான் டீயும் வெங்காய போண்டாவும் வந்தன. ஜெசிந்தா இயர்போனை எங்கேயோ தொலைத்திருந்ததால் கதை சத்தமாகவே ஓடிக்கொண்டிருந்தது. "அணையாபுரத்தில் சூரியன் விழுந்தது," என்றது ஒரு பெண்குரல். "வேலை முடித்தவர்கள் கையை விரித்துப் பார்த்தார்கள். விரலிடுக்கில் கைவெயில் தங்கியிருந்தது."

ராஜமதிக்குக் கடித்த போண்டா தொண்டையிலேயே நின்றுவிட்டது. டீயை ஊற்றி அதை உள்ளே தள்ளிவிட்டு, "யாரு எழுதுறது இது?" என்று கேட்டாள்.

"அஸ்வினின்னு ஒருத்தவங்கக்கா. நம்ம ஒலக்கூரு பக்கம்தானாம். இப்ப சென்னையில இருக்காங்க. செம ஃபேமஸ். இவ்ளோ நாளா காதுல மாட்டிக்கினு இருக்கேன், நீங்க இன்னிக்குத்தான் இன்னான்னு கேக்குறீங்க."

கேட்டதே போதும் என்று ஜெசிந்தா கைவெயிலின் மகிமையைச் சொல்ல ஆரம்பித்தாள். "அந்த ஊர்ல கரண்டே கெடையாதுக்கா. பகல்ல வெளிச்சத்துல வேல செஞ்சா, சாயங்காலம் கொஞ்சம் வெயிலு கையிலயே ஒட்டிக்கினு வந்துடும். அத வெச்சி மாவு மில்லு ஓட்டுவாங்க, ரயிலு ஓட்டுவாங்க. பெட்டியில போட்டுப் பூட்டி வெச்சா கறுத்துப் பூடும். கைக்குக் கை குடுத்தாதான் நிக்கும். ராஜா அதப் பூட்டி வெக்கப் பாக்குறான், அதான் சண்டையே."

"கைக்குக் கை குடுத்தாதான் நிக்கும்ங்கறது நான் போட்ட ரூலு," என்றாள் ராஜமதி.

ஜெசிந்தா சிரித்த சிரிப்பில் டீ புரையேறியது. "போங்கக்கா! கமெண்ட்டுல வாரத்துக்கு ஒருத்தன் இதயே சொல்லிக்கினு வர்றான். போன வாரம் செய்யாறுல ஒருத்தன் கேஸ் போடுறேன்னான்."

ராஜமதிக்குச் சுருக்கென்றது. செய்யாற்றுக்காரன் பக்கத்தில் தன்னையும் நிறுத்திவிட்டாளே என்று இருந்தது. மிச்ச போண்டாவைத் தின்று முடித்து, கையைக் கழுவிக்கொண்டு, யாரோ ஒருவருடைய சர்க்கரை அளவை டைப் செய்ய உட்கார்ந்தாள்.

ஆனால் மனசு எங்கே சர்க்கரையில் நிற்கும்? அது விழுப்புரத்திலிருந்து கிளம்புகிற சாயங்கால பாசஞ்சரில் ஏறிக்கொண்டுவிட்டது.

ராஜமதி பிறந்தது சமண வீடு. நயினார் வீடு என்பார்கள். வெங்காயம் படியேறாது. பொழுது சாய்ந்துவிட்டால் அந்த வீட்டில் யாரும் வாயில் ஒன்றும் போடுவதில்லை, தண்ணீர்கூட. மழையானாலும் பரீட்சையானாலும் அதுதான் முறை. அவள் விழுப்புரத்தில் காலேஜ் படித்த காலத்தில் இது பெரிய பேஜாராகப் போயிற்று. பனிக்காலத்தில் வண்டி திண்டிவனம் போய்ச் சேருமுன் இருட்டிவிடும். அதனால் அம்மா இரண்டு டப்பா கொடுப்பாள். ஒன்று மதியத்துக்கு, இன்னொன்று வண்டியில் சாப்பிட. வண்டியில் சாப்பிடுவது அம்மாவுக்குச் சுலபம், சமையலறையில் நின்றுகொண்டு சொன்னாள். விழுப்புரத்தில் ஏறினால் விக்கிரவாண்டி வரை ஒற்றைக் காலில்தான் நிற்கவேண்டும். எலுமிச்சைச் சாதத்தை யார் தோளில் வைத்துச் சாப்பிடுவது?

அங்கேதான் அஸ்வினி வந்தாள். ஒலக்கூர்க்காரி. அப்பா அம்மா சொந்தக் கொல்லையில் மல்லாட்டை என்கிற வேர்க்கடலை போடுகிறவர்கள். அவள் பையில் எப்போதும் வறுத்த மல்லாட்டை இருக்கும், வாய் எப்போதும் அசைந்துகொண்டிருக்கும். இப்படி நாள் முழுக்கத் தின்கிறவளுக்கு, மணி பார்த்துத் தின்கிற ஒருத்தி பெரிய அதிசயம். ராஜமதிக்கு இடம் பிடிப்பதைத் தன் வேலையாகவே எடுத்துக்கொண்டாள். "கொஞ்சம் தள்ளுங்கண்ணா, இவ சாப்பிடணும், மாத்திர போடணும்" என்று கூசாமல் பொய் சொல்வாள். இடம் கிடைத்ததும் ஜன்னலில் தலையை நீட்டிச் சூரியனைப் பார்த்து, "இன்னும் ஒரு பன உசரம் இருக்குது, மெதுவாத் துன்னு" என்பாள். சூரியனுக்கே அவள்தான் கங்காணி என்று பெட்டியில் எல்லோரும் கேலி செய்வார்கள்.

ஒரு கார்த்திகை மாதம். வானம் காலையிலிருந்து மூடிக்கிடந்தது. எக்ஸ்பிரஸுக்கு வழிவிட பாசஞ்சரைப் பேரணி ஸ்டேஷனில் ஓரங்கட்டியிருந்தார்கள். அப்போதுதான் உட்கார இடம் கிடைத்து, ராஜமதி டப்பாவைத் திறந்தாள். வெளியே பார்த்தால் கருக்கல். சூரியன் இருந்த சுவடே இல்லை.

"பூட்ச்சிடி," என்று தீர்ப்புச் சொன்னாள் அஸ்வினி.

கங்காணி சொல்லிவிட்டால் மறுபேச்சு கிடையாது. ராஜமதி டப்பாவை அவளிடம் நீட்டினாள். சோற்றைக் கொட்ட மனசு வருமா? அஸ்வினியும் வேண்டாம் வேண்டாம் என்று சொல்லிக்கொண்டே ஒரு பருக்கை விடாமல் வழித்துத் தின்றாள். அந்த நேரம் பார்த்து எக்ஸ்பிரஸ் தடதடவென்று ஜன்னலை அடைத்துக்கொண்டு ஓடியது. அதன் கடைசிப் பெட்டி கடந்ததும், மேகத்துக்கும் வயலுக்கும் நடுவில் இருந்த சந்தில், கனிந்த தக்காளி போலச் சூரியன் உட்கார்ந்திருந்தது.

இரண்டு பேரும் சூரியனைப் பார்த்தார்கள். பிறகு காலி டப்பாவைப் பார்த்தார்கள். முதலில் அஸ்வினிதான் சிரித்தாள். ராஜமதியும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள், சிரித்துக்கொண்டே இருந்தவளுக்குப் பசியில் கண்ணில் நீர் வந்துவிட்டது. அதைப் பார்த்ததும் அஸ்வினிக்கு முகம் செத்துப்போயிற்று. ராஜமதியின் வலது கையைப் பிடித்து இழுத்து, ஜன்னல் கம்பி வழியாக அந்தச் சிவப்பு வெயிலில் நீட்டினாள்.

"இத அப்படியே கையில மூடிக்க. இங்க பக்கத்துல ஒரு ஊரு இருக்குது, அணையாபுரம்னு. வண்டி அங்க நிக்காது. அந்த ஊர்ல இப்படித்தான் எடுத்துக்கினு போவாங்க. கையில வெயிலு இருக்கறவரைக்கும் அவுங்களுக்குப் பொழுது போவாது. எப்ப வேணா துன்னலாம்."

வீடு வரைக்கும் ராஜமதி கையைத் திறக்கவில்லை. அம்மாவிடம் கைவெயிலைக் காட்டிச் சோறு கேட்டிருந்தால் என்ன கிடைத்திருக்கும் என்பதை விளக்க வேண்டியதில்லை. பட்டினியாகத்தான் படுத்தாள். ஆனால் அவள் வாழ்க்கையில் அத்தனை சந்தோஷமான பட்டினி அதற்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லை.

மறுநாள் ராஜமதியே ஆரம்பித்தாள். கைவெயில் என்று பேர் வைத்தது அவள்தான். அதைப் பூட்டி வைக்கலாமா, திருடினால் என்ன ஆகும், குழந்தைக்கு எவ்வளவு ஒட்டும், சும்மா இருந்தவன் கையில் ஒட்டுமா என்று ஒவ்வொன்றாகக் கேட்டு, கடைசியில் சட்டம் போட்டதும் அவள்தான். அஸ்வினி ஊர் கட்டுவாள், ஆள் படைப்பாள், சண்டை மூட்டுவாள். ராஜமதி, "அது எப்படி? நேத்து வேற மாதிரி சொன்னியே" என்று நிறுத்துவாள். காலேஜ் முடிகிறவரை அந்த வண்டி நிற்காத ஊர் வளர்ந்துகொண்டே போயிற்று. அதற்குப் பிறகு கல்யாணம், ஆளுக்கொரு திசை, மாறிப்போன போன் நம்பர்கள். சண்டை சச்சரவு ஒன்றுமில்லை. அவளே கூப்பிடட்டும் என்று இவள் இருந்தாள். அவளும் அப்படியே இருந்திருப்பாள்.

இதில் ஒரு விஷயம் பாக்கி. லேபில் சேர்ந்த முதல் மாதம் ராஜமதி வெளிச்சம் இருக்கும்போதே டப்பாவைத் திறந்தாள். இரண்டாவது மாதம் அந்த நேரம் பார்த்து யாராவது ரத்தம் கொடுக்கக் கையை நீட்டிக்கொண்டு வந்தார்கள். மூன்றாவது மாதம் போண்டா வந்துவிட்டது. கணவன் வீரசேனனும் கடையைச் சாத்திவிட்டு வந்து ராத்திரிதான் சாப்பிட்டான். வீட்டில் முறையைப் பிடித்திருந்தது மாமியார் மட்டும். அவர் ஒன்றும் சொல்லமாட்டார். ஒருவேளை சொல்லியிருந்தால் தேவலையாக இருந்திருக்கும்.

தொடர்கதை இப்போது புத்தகமாக வருகிறதாம், அஸ்வினி ஞாயிற்றுக்கிழமை விழுப்புரத்துக்கு வருகிறாளாம். ஜெசிந்தாதான் செய்தி கொண்டுவந்தாள். "வாங்கக்கா போலாம். உங்க ரூல நீங்களே கேட்டுடுங்க," என்றாள் நக்கலாக.

போனார்கள். பஸ் கூட்டேரிப்பட்டில் ஆள் ஏற்ற நின்றபோது ஜெசிந்தா வெள்ளரிப் பிஞ்சு வாங்கினாள். ராஜமதிக்கு ஒன்றும் இறங்கவில்லை. மனசுக்குள் ஒரே வாக்கியத்தைத் திருப்பித் திருப்பிச் சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"உண்மையாவே நீங்க அவுங்க ஃப்ரெண்டாக்கா?" ஜெசிந்தாவின் குரலில் இப்போது நக்கல் இல்லை.

"ஆமா."

"இன்னா வேணும் உங்களுக்கு? பொஸ்தகத்துல பேரு போடணுமா?"

"அதெல்லாம் இல்ல. நானும் அங்க இருந்தேன்னு அவ வாயால ஒரு தடவ சொல்லணும். அவ்ளோதான். இல்லன்னா எனக்கே சந்தேகமாப் போயிடும்."

பழைய பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் ஒரு மண்டபத்தின் மாடி. படி வரைக்கும் கூட்டம். பாதிப் பேர் உள்ளங்கையில் மஞ்சளைக் குழைத்துப் பூசிக்கொண்டு வந்திருந்தார்கள், கைவெயிலாம். ஜெசிந்தாவும் பையிலிருந்து மஞ்சள் பொட்டலத்தை எடுத்தாள். அத்தனை மஞ்சள் கைகளையும் பார்க்கப் பார்க்க ராஜமதிக்குப் பெருமையாகவும் இருந்தது, பற்றிக்கொண்டும் வந்தது.

மேடையில் அஸ்வினி முடியைக் கத்தரித்திருந்தாள், கண்ணாடி போட்டிருந்தாள், உடம்பு கொஞ்சம் பூசியிருந்தாள். ஆனால் பேசும்போது எதையோ மெல்வதுபோல் வாயை அசைக்கிற அந்தப் பழக்கம் அப்படியே இருந்தது. கேள்வி நேரத்தில் ஒரு பெண் எழுந்து, "மேடம், கைவெயில் ஐடியா எப்படி வந்துச்சு?" என்று கேட்டாள். ராஜமதி நாற்காலி நுனிக்கு வந்துவிட்டாள்.

"காலேஜ் படிக்கறப்ப ஒரு சாயங்காலம்," என்றாள் அஸ்வினி மைக்கில். "பேரணியில வண்டி நிக்குது. ஜன்னலோரமா தனியா உக்காந்துகினு இருந்தேன். செவப்பா வெயிலு வந்து கையில விழுந்துச்சு. இது கையிலயே தங்கிட்டா இன்னா ஆவும்னு தோணிச்சு. அவ்ளோதாங்க."

கைதட்டல் அடங்க வெகுநேரம் ஆயிற்று. தனியா என்ற அந்தச் சொல் ராஜமதியின் காதிலேயே நின்றது. கதையை எடுத்துக்கொண்டு போனது கூட வலிக்கவில்லை. அந்த இருக்கையிலிருந்து தன்னை எழுப்பி விட்டுவிட்டாளே என்றுதான் வலித்தது. கிளம்பிவிடலாம் என்று எழுந்தாள். ஜெசிந்தா அவள் முந்தானையைப் பிடித்து இழுத்துக் கையெழுத்து வாங்குகிற வரிசையில் நிறுத்தினாள். "வந்தது வந்துட்டோம். கேட்டுட்டே போலாம்."

வரிசை நத்தையாய் ஊர்ந்தது. மேற்கு ஜன்னல்கள் வழியாக வெயில் தரையில் நீண்டு கிடந்தது. ராஜமதி மேஜையை நெருங்கியபோது அது சுவரேறி மெலிந்துகொண்டிருந்தது. 'நீ தனியா இல்லடி, நானும் இருந்தேன்.' நாக்கு நுனியில் வாக்கியம் தயாராக நின்றது.

அஸ்வினி நிமிர்ந்தாள். பேனா நின்றது. ராஜமதியின் முகத்தையே பார்த்தாள். பிறகு, வேறு யாராவது என்றால் கட்டிப்பிடித்திருப்பார்கள், இல்லை கத்தியிருப்பார்கள். அவள் சட்டென்று தலையைத் திருப்பி ஜன்னலைப் பார்த்தாள்.

"ராஜி, சாப்ட்டியாடி?"

ராஜமதியும் ஜன்னலைத் திரும்பிப் பார்த்தாள்.

"இன்னும் சாப்பிடல இல்ல? மூஞ்சியப் பாத்தாலே தெரியுது. பொழுது போவுது பாரு, ஜல்தி!" அதற்குள் எழுந்துவிட்டாள். பக்கத்தில் நின்ற அமைப்பாளர் சகாயராஜைத் தள்ளிக்கொண்டு, "கொஞ்சம் நவுருங்கண்ணா, இவ சாப்பிடணும்" என்றாள். "மேடம், லைன் படி வரைக்கும் நிக்குது" என்று அவர் ஆரம்பித்ததைக் காதில் வாங்கவில்லை. தனக்கென்று வைத்திருந்த டிபன் பெட்டியைப் பிரித்தாள். "வடையில வெங்காயம் போட்டிருக்கான், அது வேணாம். கேசரி துன்னு. பழம் இருக்குது. தண்ணி இப்பவே குடிச்சிடு, அப்புறம் குடிக்க மாட்ட."

ஜெசிந்தா வாயைப் பிளந்துகொண்டு நின்றாள். இந்த அக்காவுக்கா வெங்காயம் ஆகாது? "மேடம், அக்கா டெய்லி..." என்று ஆரம்பித்தவளின் காலை ராஜமதி ஓங்கி மிதித்தாள்.

மிதித்துவிட்டு, உட்கார்ந்து, கேசரியை அள்ளி வாயில் போட்டாள். காலையிலிருந்து ஒன்றும் இறங்காத வயிறு இப்போதுதான் பசி என்றது. அஸ்வினி ஜன்னலையும் அவளையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டே நின்றாள். சுவரில் கொஞ்சம் வெயில் இருந்தது. வாழைப்பழத்தை உரித்து நீட்டினாள். வெயில் சுவரின் உச்சிக்குப் போய்க் காணாமல் போகவும், ராஜமதி தண்ணீரைக் குடித்து முடிக்கவும் சரியாக இருந்தது. அஸ்வினி அப்பாடா என்று நாற்காலியில் விழுந்தாள்.

"ட்ரெயின்ல தனியா உக்காந்துகினு இருந்தேன்னு சொன்னியே," என்றாள் ராஜமதி.

"ஆமா. ஜன்னலு, செவப்பு வெயிலு. இன்னிக்கும் கண்ணுலயே நிக்குது. கைய நீட்டிக்கினு..." அஸ்வினி பாதியில் நிறுத்தினாள். கேசரி ஒட்டியிருந்த ராஜமதியின் வலது கையைப் பார்த்தாள். "என் கை இல்ல அது. உன் கைய புடிச்சி நீட்டினேன்."

"ஆமா."

"உன் சோத்தத் துன்னுட்டேன்."

"ஆமா."

"அப்ப நான் எப்படிடி தனியா இருந்தேன்?"

"அதத்தான் கேக்க வந்தேன்."

அஸ்வினிக்குக் கண் கலங்கிவிட்டது. கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள். "ஊரு ஊரா இதயே சொல்லிக்கினு இருக்கேன் ராஜி. சொல்லிச் சொல்லி அதுவே நெசம்னு ஆயிப்போச்சு." மைக்கை எடுக்கக் கையை நீட்டினாள். ராஜமதி அந்தக் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"இரு. மொதல்ல நான் ஒண்ணு சொல்லிடறேன். இப்பல்லாம் நான் பொழுது பாக்குறதில்லடி. லேபுல ஈவினிங் ஷிஃப்டு. இருட்டினப்புறம்தான் டீயே. வெங்காய போண்டா கூடத் துன்றேன்."

அஸ்வினி காலிப் பெட்டியைப் பார்த்தாள். வெளியே தெருவிளக்கு போட்டாயிற்று. வரிசையில் யாரோ செருமினார்கள். "அப்புறம் இப்ப ஏன்டி அப்படி அள்ளி அள்ளித் துன்ன?"

"நீ பொழுது போவுதுன்னு சொன்னியே," என்றாள் ராஜமதி.

அஸ்வினி சிரிக்கவில்லை. ராஜமதியின் நாற்காலியை இழுத்து மேஜைக்குப் பின்னால், தன் நாற்காலிக்குப் பக்கத்தில் ஒட்டிப் போட்டாள். வரிசையில் அடுத்து நின்ற காலேஜ் பெண்ணின் புத்தகத்தை வாங்கிக் கையெழுத்துப் போட்டு, ராஜமதியின் பக்கம் தள்ளினாள்.

"நீயும் போடு."

அந்தப் பெண் மஞ்சள் பூசிய கையை மேஜையில் ஊன்றிக்கொண்டு குனிந்தாள். "மேடம், இவுங்க யாரு?"

"இவ பசியோட இருந்தா," என்றாள் அஸ்வினி. "அத மறக்கடிக்கச் சொன்ன கததாம்மா இது."

ராஜமதி பேனாவை வாங்கி, லேப் ரிப்போர்ட்டில் போடுகிற அதே கையெழுத்தைப் போட்டாள்.